ட்யூரிங்குக்கு முன்னாடி ஒருத்தர் இருந்தார்

போன செமஸ்டர், ரெண்டாவது ரிவ்யூவுக்குப் பதினோரு நாள் இருக்கும்போது, என் ரூம்மேட் லேப்டாப்பில் இருந்த எல்லா ஃபைல் பெயருக்குப் பின்னாலும் நாலெழுத்தில் ஒரு வால் முளைத்திருந்தது. ப்ராஜெக்ட் கோட், ரிப்போர்ட், சர்க்யூட் டயக்ராம், அவன் அக்கா கல்யாண போட்டோ, எதுவும் திறக்கவில்லை. ஒவ்வொரு ஃபோல்டரிலும் ஒரு டெக்ஸ்ட் ஃபைல். 980 டாலர் கட்டு, 72 மணி நேரத்துக்குள் வந்தால் பாதி விலை என்று அதில் இருந்தது. ஆடித் தள்ளுபடி மாதிரி.

காரணம் ரொம்பச் சாதாரணம். ஒரு சாஃப்ட்வேரோட கிராக் வெர்ஷனை யாரோ பென்டிரைவில் கொடுத்தார்கள். ஆன்டிவைரஸ் கத்தியது. அதை ஆஃப் பண்ணிவிட்டு இவன் ரன் பண்ணினான். நாங்கள் யாரும் அவனைத் திட்டவில்லை, ஏன்னா எங்க எல்லார் லேப்டாப்பிலும் அதே பென்டிரைவ் போக வேண்டிய வரிசையில் இருந்தது.

சீனியர் ஒருத்தர் ஃபார்மட் பண்ணச் சொன்னார். இன்னொருத்தர் எல்லாச் சாவியையும் போட்டுப் பார்க்கிற மாதிரி ஒரு பைத்தான் ஸ்கிரிப்ட் எழுதலாம் என்றார். பிரபஞ்சத்தோட வயசு போதாது என்று கணக்குப் போட்டுக் காட்டியதும் அவர் சாப்பிடப் போய்விட்டார். கடைசியில் நோ மோர் ரேன்சம் தளத்தில், க்ரிப்டோ ஷெரிஃப் என்ற பகுதியில், பூட்டப்பட்ட ரெண்டு ஃபைலையும் அந்த மிரட்டல் கடிதத்தையும் ஏற்றினோம். டச்சு போலீஸ், யூரோபோல், ரெண்டு பாதுகாப்பு நிறுவனங்கள் சேர்ந்து 2016 ஜூலையில் ஆரம்பித்த தளம் அது. வந்தது ஸ்டாப் என்கிற குடும்பத்து ரேன்சம்வேர் என்று தெரிந்தது. எம்சிசாஃப்ட் நிறுவனம் இதற்கு இலவசமாகவே ஒரு டிக்ரிப்டர் வைத்திருக்கிறது. ஓட்டினோம். இது ஆஃப்லைன் கீ, ஆனால் இந்த வகைக்கான சாவி இன்னும் கைக்கு வரவில்லை, பிறகு முயலவும் என்கிற அர்த்தத்தில் ஒரு வரி வந்தது.

பிறகு என்றால் எப்போ? இந்தச் சாவியெல்லாம் எங்கிருந்து வருது? இலவசமா யார் கொடுக்கிறாங்க, எப்படிக் கண்டுபிடிக்கிறாங்க? இதைத் தேடப்போன நான், மூணு ராத்திரி கழித்து, 1932-ஆம் வருஷத்து வார்சாவில் போய் நின்றேன். அங்கே 27 வயசு ஆள் ஒருத்தர், கண்ணாடி போட்டுக்கொண்டு, மற்றவர்கள் வீட்டுக்குப் போன பிறகும் ஆபீஸில் உட்கார்ந்து கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார்.

அவர் பெயர் மரியன் ரெயெவ்ஸ்கி. எனிக்மா என்றதும் நமக்கு ஆலன் ட்யூரிங் ஞாபகம் வரும். 2014-இல் வந்த படம் அப்படிப் பதிய வைத்துவிட்டது. போலந்துக்காரர்களை அந்தப் படம் ஒரு வரியில் கடந்துபோகும். ட்யூரிங் எனிக்மாவைத் தொடுவதற்குப் பல வருஷம் முன்னாடியே, பேப்பரும் பென்சிலும் வைத்து அதன் உள்ளே இருந்த ஒயரிங்கைக் கண்டுபிடித்தவர் இவர்.

1905 ஆகஸ்ட் 16 அன்று பிட்கோஷ்ச் என்ற ஊரில் பிறந்தார். இன்றைக்கு அது போலந்து. அன்றைக்கு ஜெர்மன் பேரரசு, ஊர் பெயரும் ப்ரோம்பெர்க். அப்பா புகையிலை வியாபாரி. வீட்டில் போலிஷ், பள்ளிக்கூடத்தில் ஜெர்மன். முதல் உலகப்போர் முடிந்து அந்த ஊர் போலந்துக்குத் திரும்பியபோது இவருக்குப் பதினான்கு வயசு. பிறகு போஸ்னான் பல்கலைக்கழகத்தில் கணிதம் படித்தார்.

1929 ஜனவரியில் அந்தப் பல்கலைக்கழகத்தில் ஒரு ரகசிய வகுப்பு நடந்தது. நடத்தியது போலந்து ராணுவத்தின் சைஃபர் பிரிவு. ஜெர்மன் தெரிந்த கணித மாணவர்களாகப் பார்த்துப் பொறுக்கி, வெளியே சொல்லக்கூடாது என்று சத்தியம் வாங்கிக்கொண்டு, சங்கேத மொழியை உடைக்கக் கற்றுக்கொடுத்தார்கள். அந்தக் காலத்தில் இந்த வேலைக்கு மொழி அறிஞர்களையும் குறுக்கெழுத்து மன்னர்களையும்தான் எடுப்பார்கள். கணக்குப் பசங்களைக் கூப்பிடணும் என்று தோன்றியதே பெரிய விஷயம். பாதிப் பேர் கழன்றுகொண்டார்கள். கடைசிவரை நின்றவர்களில் மூன்று பேர் முக்கியம்: ரெயெவ்ஸ்கி, ஹென்ரிக் ஜிகால்ஸ்கி, யெஷி ருஜிட்ஸ்கி. மூணு பேர் பெயரையும் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னாடி வேணும்.

நடுவில் ரெயெவ்ஸ்கி ஜெர்மனியின் கோட்டிங்கென் போய் இன்ஷூரன்ஸ் கணிதம் படித்தார். முடிக்காமல் திரும்பி வந்தார். அதை முடித்திருந்தால் நல்ல சம்பளத்தில் ஏதாவது இன்ஷூரன்ஸ் கம்பெனியில் செட்டில் ஆகியிருப்பார். 1932 செப்டம்பரில் மூணு பேரும் வார்சாவில் முழுநேர வேலைக்குச் சேர்ந்தார்கள். சில வாரத்தில் ரெயெவ்ஸ்கியை மட்டும் தனியாகக் கூப்பிட்டு எனிக்மாவைக் கொடுத்தார்கள். மற்ற இருவருக்கும்கூடத் தெரியாது. பகலில் வழக்கமான வேலை, சாயந்திரம் இது.

எனிக்மா பார்க்க டைப்ரைட்டர் மாதிரி இருக்கும். ஒரு எழுத்தை அழுத்தினால் கரண்ட் மூணு சுழலும் சக்கரம் வழியாகப் போய், ரிஃப்ளெக்டரில் திரும்பி, மறுபடி அதே மூணு சக்கரம் வழியாக வந்து வேறொரு எழுத்தின் விளக்கை எரியவைக்கும். ஒவ்வொரு அழுத்தலுக்கும் சக்கரம் நகரும். மூணு சக்கரத்தை ஆறு விதமாக மாற்றி அடுக்கலாம், ஒவ்வொரு அடுக்கிலும் 17,576 நிலை. ஆக 1,05,456. இதோடு முன்பக்கம் ஒரு பிளக்போர்டு. அன்றைக்கு அதில் ஆறு கேபிள். அதை மட்டும் பத்தாயிரம் கோடி விதமாகச் செருகலாம். நம்ம சீனியர் பைத்தான் ஸ்கிரிப்ட்டோடு அங்கே போயிருந்தாலும் சாப்பிடத்தான் போயிருப்பார்.

ஆனால் ரெயெவ்ஸ்கி ஒவ்வொரு சாவியாகப் போட்டுப் பார்க்கவே இல்லை. ஜெர்மன்காரன் சாவியை எப்படிக் கையாள்கிறான் என்று பார்த்தார்.

ஒவ்வொரு நாளுக்கும் எல்லா ஆபரேட்டருக்கும் பொதுவாக ஒரு செட்டிங் உண்டு. அதில் மெஷினை வைத்துவிட்டு, ஆபரேட்டர் தன் மெசேஜுக்கு என்று சொந்தமாக மூணு எழுத்தைத் தேர்ந்தெடுப்பான். அதைத்தான் முதலில் அனுப்பணும். ரேடியோவில் இரைச்சல் வந்து ஒரு எழுத்து தப்பினால் மொத்த மெசேஜும் வீண், அதனால் அந்த மூணெழுத்தை ரெண்டு தடவை டைப் பண்ணச் சொல்லி விதி. பாதுகாப்புக்காகச் செய்த ஏற்பாடு. அதுதான் ஓட்டை.

ஏன்? ஒவ்வொரு மெசேஜின் முதல் ஆறு எழுத்தில், ஒன்றாவதும் நாலாவதும் ஒரே எழுத்தை மறைத்தது. ரெண்டாவதும் அஞ்சாவதும் அப்படியே. மூணாவதும் ஆறாவதும் அப்படியே. ஒரே நாளில் அறுபது, எழுபது மெசேஜ் கிடைத்தால், ஒன்றாவது இடத்தில் இந்த எழுத்து வந்தால் நாலாவது இடத்தில் அந்த எழுத்து வருது என்று முழு அட்டவணை போடலாம். ஏ போய் எஃப் ஆகுது, எஃப் போய் கே ஆகுது, கே திரும்ப ஏ ஆகுது என்று சங்கிலி சுற்றி வரும். இருபத்தாறு எழுத்தும் இப்படிச் சில வட்டங்களாகப் பிரியும். நம்ம டிஸ்க்ரீட் மேத்ஸ் பேப்பரில் ரெண்டு மார்க்குக்காக மனப்பாடம் பண்ணிய பெர்முடேஷன் சைக்கிள் இதுதான். நான் அந்த யூனிட்டைச் சாய்ஸில் விட்டேன் என்பதை இங்கே ஒத்துக்கொள்கிறேன்.

ரெயெவ்ஸ்கி பிடித்த விஷயம் இதுதான்: பிளக்போர்டை எப்படி மாற்றிச் செருகினாலும் வட்டத்துக்குள் இருக்கிற எழுத்துகளின் பெயர்தான் மாறும், வட்டத்தின் நீளம் மாறாது. பத்தாயிரம் கோடி ஒரே கோட்டில் அடிபட்டுப் போச்சு. மிச்சம் இருந்தது சக்கரங்களின் 1,05,456 நிலை மட்டும்.

அப்போதும் சக்கரத்துக்குள்ளே ஒயர் எப்படி ஓடுது என்று தெரியாது. அதற்குச் சமன்பாடு எழுதினார். தெரியாதவை அதிகம், சமன்பாடு தீரவில்லை. அந்த நேரத்தில் பிரெஞ்சு உளவுத்துறையின் குஸ்தாவ் பெர்ட்ராண்ட் மூலமாகச் சில தாள்கள் வந்து சேர்ந்தன. ஜெர்மன் சைஃபர் ஆபீஸிலேயே வேலை பார்த்த ஹான்ஸ் திலோ ஷ்மிட் என்பவன் காசுக்காக விற்ற தாள்கள். 1932 செப்டம்பர், அக்டோபர் மாதங்களின் தினசரி செட்டிங் அதில் இருந்தது. பிரெஞ்சுக்காரர்கள் இதைப் பார்த்துவிட்டு உபயோகமில்லை என்று முடிவு பண்ணியிருந்தார்கள். ரெயெவ்ஸ்கிக்கு இது தங்கம். சக்கரங்களின் வரிசை அப்போது மூணு மாசத்துக்கு ஒருமுறை மாறும். செப்டம்பர் ஒரு காலாண்டு, அக்டோபர் அடுத்தது. அதனால் வலது ஓரத்தில் ரெண்டு வேறு சக்கரங்கள் இருந்த ரெண்டு மாதங்கள் அவர் கையில் சிக்கின.

இன்னும் ஒரு முட்டு. கீபோர்டிலிருந்து முதல் சக்கரத்துக்குப் போகும் ஒயர்கள் எந்த வரிசையில் இருக்கு? கடையில் விற்ற எனிக்மாவில் கீபோர்டு வரிசையில் இருந்தது. அதைப் போட்டால் விடை வரவில்லை. இதே இடத்தில்தான் இங்கிலாந்தின் டில்லி நாக்ஸ் மாதிரியான ஜாம்பவானும் மாட்டிக்கொண்டார். ரெயெவ்ஸ்கி ஜெர்மன்காரர்களின் ஒழுங்கு மோகத்தைத் தெரிந்தவர். சும்மா ஏ, பி, சி என்று அகரவரிசையில் வைத்திருப்பான் என்று யூகித்துப் போட்டுப் பார்த்தார். எண்கள் வரிசையாக வந்து உட்கார்ந்தன. 1932 டிசம்பர் முடிவதற்குள், கண்ணால் பார்க்காத ராணுவ மெஷினின் உள்ளே இருந்ததை அவர் வரைந்துவிட்டார்.

இங்கே நிறுத்தி எங்க ரூமுக்கு வருகிறேன், ஏன்னா இந்த இடத்தில்தான் எனக்குப் பொறி தட்டியது. இலவச டிக்ரிப்டர் எதுவும் ஏஇஎஸ்ஸையோ ஆர்எஸ்ஏவையோ உடைப்பதில்லை. எல்லாமே ரெயெவ்ஸ்கி போன வழியில்தான் போகுது. ஒன்று, சாவியைக் கையாள்வதில் எதிராளி செய்த தப்பு. 2017-இல் வானாக்ரை வந்தபோது, சாவியை உருவாக்கிய பகா எண்கள் மெமரியில் அழியாமல் கிடந்தன. ரீஸ்டார்ட் பண்ணாத விண்டோஸ் எக்ஸ்பி மெஷின்களில் அதைப் பொறுக்கி எடுத்து டூல் எழுதினார்கள். ரெண்டு, உள்ளே இருந்து வெளியே வந்த சாவி. டெஸ்லாக்ரிப்ட் கும்பல் 2016-இல் கடையை மூடியபோது, ஈசெட் ஆய்வாளர் ஒருத்தர் மாஸ்டர் கீயைத் தருவீங்களா என்று சும்மா கேட்டுப் பார்த்தார், கொடுத்துவிட்டார்கள். ஷ்மிட்டைவிட மலிவு.

எங்க கேஸ் ரெண்டும் கலந்தது. ஸ்டாப் வகை, தன் சர்வரிடம் பேச முடிந்தால் ஒவ்வொரு ஆளுக்கும் தனிச் சாவி வாங்கிப் பூட்டும். நெட் இல்லாவிட்டால் தனக்குள்ளேயே வைத்திருக்கும் ஒரே பொதுச் சாவியைப் போடும். அதுதான் ஆஃப்லைன் கீ. அப்படிப் பூட்டப்பட்டவர்களின் ஐடி பெரும்பாலும் டி1 என்று முடியும். இவன் அந்த கிராக்கை ரன் பண்ணிய ராத்திரி எங்க ஹாஸ்டல் வைஃபை வழக்கம்போல படுத்துக் கிடந்தது. நாலு வருஷத்தில் அந்த வைஃபை செய்த ஒரே நல்ல காரியம். எங்கேயோ இதே வகையில் மாட்டிய யாராவது ஒருத்தர் பணம் கட்டி அந்தச் சாவியை வாங்கி, அதை டிக்ரிப்டர் எழுதுபவர்களுக்குக் கொடுத்தால் போதும், அதே சாவியில் பூட்டப்பட்ட எல்லாருக்கும் திறக்கும்.

சரி, வார்சா. உடைத்ததோடு வேலை முடிந்துவிடவில்லை. அடுத்த ஆறு வருஷம் துரத்தல்தான். ஒவ்வொரு நிலைக்கும் வட்டங்களின் நீளத்தைப் பட்டியல் போட ரெயெவ்ஸ்கி சைக்ளோமீட்டர் என்று ஒரு கருவி செய்தார். 1,05,456 அட்டைகளுக்கான அந்த வேலைக்கு ஒரு வருஷத்துக்கு மேல் ஆனது. முடிந்ததும் ஒரு நாளின் செட்டிங்கைப் பதினைந்து இருபது நிமிஷத்தில் எடுத்தார்கள். 1937 நவம்பரில் ஜெர்மன்காரன் ரிஃப்ளெக்டரை மாற்றினான். மொத்தப் பட்டியலும் குப்பை. மறுபடி முதலிலிருந்து. 1938 செப்டம்பர் 15 அன்று பொதுவான தினசரி நிலையையே எடுத்துவிட்டான். இவர்கள் ரெண்டே மாசத்தில் பதில் வைத்தார்கள். ஜிகால்ஸ்கி துளை போட்ட தாள்களை ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து வெளிச்சத்தில் பார்க்கும் முறையைக் கண்டுபிடித்தார். ரெயெவ்ஸ்கி பொம்பா என்ற மோட்டார் மெஷினை வடிவமைத்தார். சக்கர வரிசைக்கு ஒன்று வீதம் ஆறு மெஷின்.

அந்த டிசம்பரிலேயே இன்னொரு அடி. ரெண்டு புதுச் சக்கரம் சேர்ந்து, அஞ்சில் மூணைத் தேர்ந்தெடுக்கிற முறை வந்தது. ஆறு வரிசை அறுபதாச்சு. புதுச் சக்கரங்களின் ஒயரிங்கைக்கூடக் கண்டுபிடித்துவிட்டார்கள், எப்படித் தெரியுமா? நாஜிக் கட்சியின் உளவுப் பிரிவு மட்டும் புதுச் சக்கரத்தைப் போட்டுக்கொண்டு பழைய விதியையே பின்பற்றியது. அப்டேட்டைப் பாதி மட்டும் போட்ட ஆபீஸ் எல்லாக் காலத்திலும் உண்டு போல. ஆனால் பத்து மடங்கு மெஷினும் பத்து மடங்கு துளைத் தாளும் செய்ய போலந்திடம் காசு இல்லை, நேரமும் இல்லை.

1939 ஜூலை 25 அன்று, வார்சாவுக்குத் தெற்கே பிரி என்ற இடத்தில், காட்டுக்குள் இருந்த ரகசிய நிலையத்துக்கு இங்கிலாந்து, பிரான்ஸ் ஆட்களை வரவழைத்தார்கள். ஆறரை வருஷத்து உழைப்பை மேஜைமேல் வைத்தார்கள். ஆளுக்கொரு எனிக்மா நகலும் கொடுப்பதாகச் சொல்லிக் கொடுத்தார்கள். விலை எதுவும் கேட்கவில்லை. நாக்ஸ் முதலில் கேட்டது அந்த நுழைவு ஒயர் வரிசையைத்தான். அகரவரிசை என்று தெரிந்ததும் அவருக்கு எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். அஞ்சு வாரத்தில் போர் வெடித்தது. அந்த அஞ்சு வாரம் தப்பியிருந்தால் ப்ளெட்ச்லி பார்க் ஆரம்பிக்கவே அடித்தளம் இருந்திருக்காது என்பது என் அபிப்பிராயம்.

அதுவரைக்கும் ரெயெவ்ஸ்கியின் வாழ்க்கை ஒரு ஆபீஸ்காரரின் வாழ்க்கை. 1934-இல் இரேனாவைக் கல்யாணம் பண்ணினார். மகன் ஆந்த்ஷேய் 1936-இல் பிறந்தான், மகள் யானினா 1939-இல். செப்டம்பர் முதல் வாரத்தில் சைஃபர் பிரிவை வார்சாவிலிருந்து கிளப்பினார்கள். மனைவியையும் கைக்குழந்தையையும் சின்னப் பையனையும் விட்டுவிட்டுப் போனார். திரும்ப அவர்களைப் பார்க்க ஏழு வருஷம் ஆனது.

மூணு பேரும் ருமேனியாவுக்குள் தாண்டினார்கள். புகாரெஸ்டில் பிரிட்டிஷ் தூதரகத்துக்குப் போனால், இப்ப நேரமில்லை, சில நாள் கழித்து வாங்க என்கிற மாதிரி பதில். பிரெஞ்சுத் தூதரகம் உடனே ஏற்பாடு செய்தது. பாரிஸ் பக்கத்தில் ஒரு மாளிகையில் வேலை தொடர்ந்தது. 1940 ஜனவரியில் இங்கிலாந்தில் தயாரான துளைத் தாள்களை எடுத்துக்கொண்டு அங்கே வந்த இளைஞர்தான் ஆலன் ட்யூரிங். அந்த மாதமே போர்க்காலத்தின் முதல் எனிக்மா செட்டிங் அங்கே உடைந்தது. ரெண்டு பேரும் ஒரே மேஜையில் சாப்பிட்டிருக்கிறார்கள். இதை யாராவது படமாக எடுக்கலாம்.

பிரான்ஸ் விழுந்தது. தெற்கே ஊசேஸ் அருகே ஒளிந்து வேலை. ரெயெவ்ஸ்கி பொய்ப் பெயரில் பள்ளி ஆசிரியர். 1942 ஜனவரியில், அல்ஜீரியாவிலிருந்து திரும்பும்போது கப்பல் மூழ்கி ருஜிட்ஸ்கி இறந்தார். 32 வயசு. அந்த வருஷக் கடைசியில் ஜெர்மன் படை தெற்கையும் பிடிக்க, 1943 ஜனவரியில் ரெயெவ்ஸ்கியும் ஜிகால்ஸ்கியும் ராத்திரியில் பிரெனீஸ் மலையைத் தாண்டினார்கள். வழிகாட்டியே துப்பாக்கியைக் காட்டி இருந்த காசைப் பிடுங்கிக்கொண்டான். ஸ்பெயினில் கைது, ரெண்டு சிறை, மே மாதம் விடுதலை. போர்ச்சுக்கல், ஜிப்ரால்டர் சுற்றி இங்கிலாந்து போய்ச் சேர்ந்தார்கள்.

எனக்குப் படிக்கும்போது ரொம்பக் கோபம் வந்த இடம் இதுதான். எனிக்மாவைத் திறந்து கொடுத்த ஆளை ப்ளெட்ச்லிக்குள் விடவே இல்லை. போலந்து ராணுவத்தில் சாதாரண சிப்பாயாகச் சேர்த்து, பாக்ஸ்மூர் என்ற இடத்தில், ஜெர்மன்காரர்களின் கையால் எழுதும் சின்னச் சங்கேதங்களை உடைக்க வைத்தார்கள். ப்ளெட்ச்லி அங்கிருந்து சில மணி நேர சைக்கிள் தூரம். பாதுகாப்புக் காரணம் என்று இன்றைக்கு விளக்கம் சொல்கிறார்கள். இருக்கலாம். பிரான்ஸில் மாட்டி ஜெர்மன் பிடியில் விழுந்த இவருடைய மேலதிகாரிகள் விசாரணையில்கூட ரகசியத்தைக் காப்பாற்றினார்கள் என்பதையும் அதே மூச்சில் சொல்லணும்.

ஜிகால்ஸ்கி இங்கிலாந்திலேயே தங்கிவிட்டார். ரெயெவ்ஸ்கி 1946 நவம்பரில் மனைவி பிள்ளைகளிடம் திரும்பினார். அடுத்த கோடையில் மகன் ஆந்த்ஷேய் போலியோவில் படுத்தான். அஞ்சே நாள். பதினொரு வயசு. அதில் ஏழு வருஷம் அப்பா கூட இல்லை. பல்கலைக்கழக வேலைக்கு அழைப்பு இருந்தும், பிட்கோஷ்ச்சை விட்டு, மனைவியையும் மகளையும் விட்டு இனி எங்கேயும் போகமாட்டேன் என்று இருந்துவிட்டார்.

அதற்கப்புறம் இருபது வருஷம் அவர் பார்த்தது ஆபீஸ் வேலை. கேபிள் கம்பெனியில் விற்பனைப் பிரிவு, பிறகு கூட்டுறவு அமைப்பில் கணக்கு வழக்கு. மேற்கு நாட்டிலிருந்து வந்த ஆள் என்று ரகசிய போலீஸ் பல வருஷம் அவரைத் தோண்டியது. வேலையை விட்டுத் தூக்கச் சொன்னது. இவ்வளவு தோண்டியும் அவர் எனிக்மாவை உடைத்தவர் என்று அவர்களால் கண்டுபிடிக்க முடியவில்லை. பக்கத்து சீட்காரருக்கும் தெரியாது.

1967-இல் ரிட்டயர் ஆனதும் நடந்ததையெல்லாம் எழுதி ராணுவ வரலாற்று நிறுவனத்தில் ஒப்படைத்தார். 1973-இல் பெர்ட்ராண்ட் பிரெஞ்சில் புத்தகம் போட்டார், உலகத்துக்குத் தெரிய ஆரம்பித்தது. அடுத்த வருஷமே ஆங்கிலத்தில் வந்த புத்தகத்தில் போலந்துக் கதை தப்பும் தவறுமாக இருந்தது. எழுபது வயசு ரெயெவ்ஸ்கி பொறுமையாகத் திருத்தங்கள் எழுதினார், வந்த கடிதங்களுக்குப் பதில் போட்டார். அந்த வயசில், 1904-இல் போலந்துப் புரட்சியாளர்கள் எழுதிக்கொண்ட சங்கேதக் கடிதங்களைக் கொடுத்தார்கள். அதையும் உட்கார்ந்து உடைத்துக் கொடுத்தார். 1980 பிப்ரவரி 13 அன்று வார்சாவில் மாரடைப்பில் இறந்தார். 2005-இல் அவர் பிறந்து நூறு வருஷம் ஆனபோது பிட்கோஷ்ச்சில் ஒரு பெஞ்சில் அவர் உட்கார்ந்திருக்கிற மாதிரி சிலை வைத்தார்கள். பக்கத்தில் நாம் உட்கார இடம் விட்டிருக்கிறார்கள்.

ரூம்மேட் ரிவ்யூவைப் பழைய மெயிலில் கிடைத்த பாதி ரிப்போர்ட்டை வைத்து ஓட்டினான். ஃபார்மட் பண்ணும் முன்னாடி பூட்டப்பட்ட எல்லாவற்றையும் மிரட்டல் கடிதத்தோடு சேர்த்து என் ஹார்டு டிஸ்க்கில் காப்பி பண்ணியிருந்தோம், அவனுக்கு அதில் நம்பிக்கையே இல்லை. ஏழாவது வாரம், சும்மா ஒரு ஞாயிற்றுக்கிழமை, டிக்ரிப்டரை மறுபடி இறக்கி ஓட்டினேன். அந்த வகைக்குச் சாவி வந்திருந்தது. கோட் வந்தது, டயக்ராம் வந்தது. யார் கட்டிய பணமோ, யார் கொடுத்த சாவியோ, அந்த டூல் பெயர் சொல்லவில்லை.

கல்யாண போட்டோவில் பாதி வரவில்லை. மறுநாள் காலையில் வைஃபை வந்த பிறகு, விஷயம் தெரியாமல் பென்டிரைவிலிருந்து அவன் காப்பி பண்ணியவை அவை. வைரஸ் அதற்குள் சர்வரிடம் பேசி வேறு சாவி வாங்கிவிட்டது. அந்த ஐடி டி1-இல் முடியவில்லை. 412 போட்டோ. ஃபோல்டர் இன்னும் என் ஹார்டு டிஸ்க்கில் இருக்கு. அவனுடைய அக்காவிடம் இன்னும் சொல்லவில்லை.